வலது பின்சக்கரம்

ராயக்கோட்டை ரோட்டில் என் பஞ்சர் கடை.
பெயர்ப்பலகை இல்லை,
புளியமரத்தில் தொங்கும் டயர் ஒன்று போதும்.

திம்மராயனை நான் அறிந்தது
முகம் வழியாக அல்ல.
கோயம்பேட்டுக்குத் தக்காளி ஏற்றிய மெட்டடோர்,
இரவு பதினொன்று,
ஆணி ஏறிய முன்சக்கரம்.
கழற்றி வெளிச்சத்தில் உருட்டினேன்.
சந்தனம் இழைத்த கல்லைப்போல்
சீராகத் தேய்ந்திருந்தது.
மற்ற மூன்றையும் தடவிப் பார்த்தேன்.
அதே சீர்.
மலையிறங்கும் அத்தனை வளைவையும்
அவன் வந்த வேகத்தில் திருப்பியவனுக்கு
அப்படித் தேய நியாயமே இல்லை.

"அடிப்பெட்டி நசுங்கினா
மண்டிக்காரர் கூலியில புடிச்சிடுவாருண்ணா"
என்றான்.
அவன் படித்த பள்ளிக்கூடம் அவ்வளவுதான்.

ஓசூர் ஆலையில் இன்ஜினியர் ஒருவர், பசவராஜு,
சம்பளத்தையெல்லாம் கொட்டி
பழைய எஸ்டீம் ஒன்றை வாங்கி வைத்திருந்தார்.
கல்யாணத்துக்குப் போகிற அதே கார்தான்.
சீட்டைப் பிடுங்கி
உள்ளே இரும்புக் குழாயில் கூண்டு கட்டி
கதவில் பதினேழு என்று எழுதினால்
பந்தயக் கார்.
ஓட்ட ஆள் கேட்டார்.
நான் டயரைக் காட்டினேன்.

இருங்காட்டுக்கோட்டையில் முதல் பந்தயம்.
ஒன்பதாவதாக வந்தான்.
பின்னால் பெட்டி இல்லை என்பது
அவன் முதுகுக்குத் தெரிய
மூன்று பந்தயம் ஆயிற்று.
தெரிந்த பிறகும்
பெட்டி இருப்பதுபோலவே திருப்பினான்.
மற்றவர்கள் டயர் புகைந்து
கடைசி இரண்டு சுற்றில் தள்ளாடும்போது
இவன் சத்தமில்லாமல்
ஒவ்வொருவராகத் தாண்டி வருவான்,
வரிசையில் நிற்பவர்களிடம்
வழி கேட்டு வருகிறவன்போல.

மூன்று வருஷம், மூன்று பட்டம்.
பரிசு ஒரு காசோலை, ஒரு பெட்டி இன்ஜின் ஆயில்.
திங்கள் முதல் வியாழன் வரை
சாம்பியனும் தக்காளிதான் ஏற்றினான்.

விலை கிலோ ஒரு ரூபாய்க்கு விழுந்த மாதம்
விவசாயிகள் லோடு லோடாக ரோட்டில் கொட்டினார்கள்.
அந்தச் சிவப்புச் சேற்றில்
அவன் வண்டி ஒருமுறை சறுக்கி நேரானது.
மழைப் பந்தயத்தை அங்கேதான் கற்றேன் என்று
பேப்பர்காரரிடம் சொன்னான்.
அவர் சிரித்தார். எழுதவில்லை.

நான்காம் வருஷம், கடைசிப் பந்தயம்.
காலையிலிருந்து தூறல்.
மழைக்கென்று நான்கிலும் காற்றை ஏற்றி வைத்திருந்தேன்.
கொடி விழ எட்டு நிமிஷம் இருக்கையில்
வெயில் சுள்ளென்று அடித்தது.
இறக்கணும்.
முன்னிரண்டு இறக்கினேன்.
இடது பின்னால் இறக்கினேன்.
யாரோ டீ நீட்டினார்கள்.
வாங்கிக்கொண்டேன்.

ஏழாவது சுற்று.
இடப்புறம் திரும்பும் நீள வளைவு,
பாரமெல்லாம் வலது பின்சக்கரத்தில்.
பிட்டம் விலகியது எனக்குத் தெரிந்தது,
அவனுக்கு அதற்கு முன்பே தெரிந்திருக்கும்.
மூன்று உருளல்.
பழைய டயர்களை அடுக்கிய சுவர்
அவனைப் பிடித்து நிறுத்தியது.

தோள்பட்டை எலும்பு இரண்டு துண்டு.
பசவராஜு அதற்கப்புறம் கார் வாங்கவில்லை.
"எனக்குத்தான் கை வழுக்கிடுச்சு" என்று
ஆஸ்பத்திரிக் கட்டிலில் திம்மராயன் சொன்னது
மறுநாள் நான்கு வரியில் வந்தது.
நான் அருகில்தான் நின்றிருந்தேன்.
வாயைத் திறக்கவில்லை.
பதினெட்டு வருஷமாகத்
திறக்கவில்லை.

இப்போது காவேரிப்பட்டணத்தில்
பள்ளிக்கூட வேன் ஓட்டுகிறான்.
"அங்கிள், சைக்கிள்கூட நம்மள முந்துது" என்று
பிள்ளைகள் பின்னாலிருந்து கத்தும்.
இடது தோள் கொஞ்சம் இறங்கியிருக்கிறது.
மூன்று கோப்பையும்
அவன் மனைவி கௌரம்மா
அரிசிப் பீரோவுக்கு மேலே வைத்திருக்கிறாள்,
ஒன்றில் மின்கட்டண ரசீதுகள்.

மாதம் முதல் தேதி காற்று அடிக்க வருவான்.
நான்கும் இன்றும் சீராகத்தான் தேய்கின்றன.
பக்கத்துக் கடையில்
இரண்டு டீ சொல்லி எடுத்துவந்து
என் பின்னால் நிற்பான்.
நான் முன்னால் அடிப்பேன்,
இடப்பக்கம் வருவேன்,
சுற்றி வலப்பக்கம் குந்துவேன்.
வெயிலைப் பற்றி ஏதோ பேசுவான்.
டீ ஆடை கட்டும்.

கடைசிச் சக்கரத்தின் மூடியை
நான் திருகி முடிக்கும்வரை
கிளாஸை என் கையில் தரமாட்டான்.